எண்ணிக்கையில் குறையில்லாத ரத்தம்

மயக்க மருத்துவராக இந்த மாவட்டத்தில் காலம் தள்ளியதில் நான் சம்பாதித்த பட்டம் ஒன்றே ஒன்றுதான்: 'நாளைக்குப் பாக்கலாம் டாக்டர்'. திண்டுக்கல் அறுவை மருத்துவர்கள் கூடிப் பேசி வைத்த பெயர். நோயாளிக்குச் சளி என்றால் நாளைக்குப் பார்க்கலாம் என்பேன். ரத்த அழுத்தம் கொஞ்சம் ஏறியிருந்தால் நாளைக்கு. விரலில் இறுகிய மோதிரத்தைக் கழற்ற வரவில்லை என்பதற்காக ஒரு குடலிறக்க அறுவையையே மறுநாளைக்குத் தள்ளியவன் நான். அந்த மோதிரம் மறுநாளும் வரவில்லை.

இப்படிப்பட்டவனிடம் வந்து, நெருக்கடி நேரத்தில் எப்படி முடிவெடுப்பது என்று கேட்கிறீர்கள். புதிதாக இந்தத் தொழிலுக்கு வந்திருக்கிறீர்கள், ஆள் தெரியாமல் கேட்டுவிட்டீர்கள் என்று எடுத்துக்கொள்கிறேன். ஆனாலும் கேட்டதற்காக, தள்ளிப்போடவே முடியாமல் போன ஒரு நாளைப் பற்றிச் சொல்கிறேன்.

நம் பிழைப்பு உங்களுக்கே தெரியும். சொந்த மருத்துவமனை கிடையாது. காரில் ஒரு பை. போன் வந்தால் ஓட வேண்டும். வேலை முடிந்து நோயாளி தெளிவாகக் கண் விழிக்கும்போது நாம் அடுத்த மருத்துவமனைக்குப் போய்க்கொண்டிருப்போம். ஆப்பிளும் ஆரஞ்சும் வைத்த கூடை எப்போதும் கத்தி பிடித்தவருக்குத்தான். என்னிடம் நான்கு முறை மயங்கிய ஒருவர் பேருந்து நிலையத்தில் என்னைப் பார்த்து, பழனி வண்டி எங்கே நிற்கும் என்று கேட்டிருக்கிறார்.

அது டெங்கு பரவிய பருவம். பிளேட்லெட் என்ற சொல் அப்போது ஊரில் எல்லார் வாயிலும் இருந்தது. டீக்கடையில், 'பையனுக்கு எம்புட்டு இருக்கு?' என்று ஒருவர் கேட்டால், அவர் மதிப்பெண்ணைக் கேட்கவில்லை, பிளேட்லெட்டைக் கேட்கிறார் என்று பொருள். பப்பாளி மரத்தில் இலை தங்கவில்லை. எல்லாரும் எண்ணினார்கள். எண்ணிக்கை சரியாக இருந்தால் ரத்தமும் சரியாக இருக்கிறது என்று ஊர் நம்பியது. நானும் அந்த ஊர்க்காரன்தான்.

ஒரு முற்பகலில் மகப்பேறு மருத்துவர் ஒருவர் கூப்பிட்டார். ஊரில் கைராசிக்காரர் என்று பெயர் எடுத்தவர். நாங்கள் எல்லாரும் அவரை மேடம் என்போம்.

"சார், உடனே வாங்க. பிள்ளைக்கு இதயத் துடிப்பு எறங்கி எறங்கி ஏறுது. சிசேரியன்தான்."

போனேன். அறுவை அரங்கில் படுத்திருந்த பெண்ணைப் பார்த்ததும் ஒரு கணம் நின்றுவிட்டேன். தோலில் நிறமே இல்லை. தலைமுடியும் இமையும் மக்காச்சோளக் கதிரின் குஞ்சம் போல வெளுத்திருந்தன. கண்கள் ஒரு இடத்தில் நிற்காமல் இடமும் வலமும் மெல்ல ஆடிக்கொண்டே இருந்தன. பிறவியிலேயே நிறமில்லாமல் பிறந்தவர்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள். பெயர் முத்துலட்சுமி. வேடசந்தூர்ப் பக்கம் நூற்பாலையில் வேலை செய்பவள். தலைப்பிரசவம்.

வலி விட்ட இடைவெளியில் அவள்தான் முதலில் பேசினாள்.

"என்ன டாக்டர், வெள்ளைக்காரி தமிழ் பேசுவாளான்னு பாக்குறீங்களா? நல்லாப் பேசுவேன். எங்க வீட்டுக்காரரு பேரு கருப்பசாமி. ஊரே சிரிச்சு முடிச்சிருச்சு. நீங்களும் செத்த நேரம் சிரிச்சுட்டு ஊசியப் போடுங்க."

அவள் நிறத்தைப் பார்த்துத் திகைத்தேன் என்று நினைத்துவிட்டாள். நான் பார்த்துக்கொண்டிருந்தது அவள் கையை. ரத்த அழுத்தம் பார்க்கும் கருவியின் பட்டை அப்போதுதான் தளர்ந்திருந்தது. பட்டை இறுக்கிய இடத்தில் தோலுக்கடியில் வேர்க்குரு போலச் சின்னச் சின்னச் சிவப்புப் புள்ளிகள். முழங்கை மடிப்பில், பரிசோதனைக்கு ரத்தம் எடுத்த இடத்தில், ஒரு வெற்றிலை அகலத்துக்கு நீலம். ஒட்டியிருந்த பஞ்சு இன்னும் ஈரச் சிவப்பாக இருந்தது.

செவிலியர் பரிசோதனைத் தாளை நீட்டினார். பிளேட்லெட் இரண்டே முக்கால் லட்சம். குறை சொல்ல இடமில்லை.

இங்கே என் படிப்பின் லட்சணத்தைச் சொல்லியாக வேண்டும். மேற்படிப்பு முடிக்கும் வாய்மொழித் தேர்வில் ஒரு தேர்வாளர் இருந்தார். கண்ணை மூடிக்கொண்டுதான் கேள்வி கேட்பார். என்னிடம் கேட்டார்: "ஒரு பெண். தோலில் நிறம் கிடையாது. கண் ஆடுகிறது. பிளேட்லெட் எண்ணிக்கை சரியாக இருக்கிறது. முதுகில் ஊசி போடுவாயா?" எண்ணிக்கை சரியாக இருக்கிறது என்று அவரே சொன்ன பிறகு எனக்கென்ன? "போடுவேன் சார்" என்றேன், மார்பை நிமிர்த்தி. அவர் கண்ணைத் திறக்கவே இல்லை. "அவள் இனி நடக்கமாட்டாள். நீ அடுத்த தேர்வுக்கு வா" என்றார்.

தேறவில்லை. ஊரில் எல்லாருக்கும் தெரிந்து, என் மாமனார் ஒரு மாதம் என்னோடு பேசவில்லை. அந்தத் தேர்வில் நான் சரியாகச் சொன்ன பதில்கள் எல்லாம் எங்கே போயின என்று தெரியாது. தவறாகச் சொன்ன இந்த ஒன்று மட்டும் நெஞ்சிலேயே தங்கிவிட்டது. அதிலும் பாதிதான். அந்த நோய்க்கு வெளிநாட்டு மருத்துவர்கள் இருவரின் பெயரைச் சேர்த்து ஒரு நீளமான பெயர் உண்டு. அன்று தேர்வறையிலும் அது வரவில்லை, இந்த அறுவை அரங்கிலும் வரவில்லை.

விஷயம் இதுதான். ரத்தக்குழாயில் எங்காவது கிழிந்தால் பிளேட்லெட் என்கிற தட்டணுக்கள் ஓடிவந்து ஒட்டும். ஒட்டியதும் தமக்குள் இருக்கும் சின்னப் பைகளை உடைத்துச் சில பொருள்களைக் கொட்டும். அந்த வாடைக்குத்தான் மற்றவை வந்து சேர்ந்து அடைக்கும். சிலருக்குப் பிறவியிலேயே அந்தப் பைகள் காலி. எண்ணினால் லட்சக்கணக்கில் இருக்கும், அழைத்தால் ஒன்றும் வராது. அப்படிப்பட்டவர் முதுகில் ஊசி குத்தி, உள்ளே ஒரு சிறு குழாய் கீறிவிட்டால், ரத்தம் வெளியே வர வழியில்லாத இடத்தில் தேங்கி நரம்பை நசுக்கும். கால் இரண்டும் போய்விடும்.

கேட்டேன். "ஏம்மா, ரத்தம் நிக்காத வியாதி ஏதாச்சும் இருக்கா?"

"இல்லைங்க."

செவிலியரும் முன்பே இதைக் கேட்டு 'இல்லை' என்று குறித்திருந்தார். எனக்கு எவ்வளவு நிம்மதி என்கிறீர்கள்! கை ஊசியை நோக்கிப் போய்விட்டது. ஆனால் தேர்வில் தோற்றவனுக்கு நிம்மதி அவ்வளவு எளிதில் ஒட்டாது. வேறு மாதிரி கேட்டேன்.

"பல்லு புடுங்கியிருக்கியா?"

"ஒருக்கா. கடவாப்பல்லு."

"எம்புட்டு நேரம் ரத்தம் வந்துச்சு?"

"அது கெடக்கு மூணு நாளு. தலகாணி உறையெல்லாம் தூக்கிப் போட்டோம். எங்கண்ணனும் என்னைய மாதிரிதான், அவனுக்கும் கால்ல கல்லு குத்துனா ரெண்டு நாளைக்கு ஓடும். எங்க நெறத்துக்கு ரத்தம் தண்ணியாத்தான் இருக்கும்னு அம்மா சொல்லும்."

"மாசாமாசம்?"

"பத்து நாளு போகும். எல்லாருக்கும் அப்படித்தான?"

"இத ஏம்மா முன்னாடியே சொல்லல?"

"வியாதி இருக்கான்னுல்ல கேட்டீங்க. இது வியாதியா?" என்றாள். அடுத்த வலி வந்து பேச்சு நின்றுவிட்டது.

மேடம் கையுறை மாட்டிக்கொண்டு நின்றிருந்தார். முதுகில் குத்தப் போவதில்லை என்றேன்.

"சார், இவளுக்கு ரெண்டே முக்கால் லட்சம். எனக்கே அம்புட்டு இருக்காது."

"எண்ணிக்கை இருக்கு மேடம். வேலை செய்யுமான்னு சந்தேகமா இருக்கு."

"அதுக்குப் பரிசோதனை?"

"இந்த ஊர்ல கிடையாது."

"அப்ப நாளைக்குப் பாக்கலாம்னு சொல்லப் போறீங்களா?"

அரங்கில் ஒருவரும் சிரிக்கவில்லை. குழந்தையின் இதயத் துடிப்புக் கருவி மட்டும் தடுமாறித் தடுமாறி ஒலித்துக்கொண்டிருந்தது.

"இல்ல மேடம். இப்பவே. ஆனா முழு மயக்கம்."

"காலைல நாலு இட்லி சாப்பிட்டு வந்திருக்கா சார்!"

அவர் கோபம் நியாயமானது. கர்ப்பிணிக்கு முழு மயக்கம் கொடுப்பதற்கு முன் மூன்று முறை யோசி என்றுதானே நமக்குச் சொல்லித் தந்திருக்கிறார்கள். வயிற்றில் இருப்பது நுரையீரலுக்குப் போகலாம். தொண்டை வீங்கி, மூச்சுக்காக விடும் குழாய் இறங்காமல் போகலாம். தாயும் பிள்ளையும் கையைவிட்டுப் போக அது போதும். முதுகு ஊசியிலோ நான் பயந்த ஆபத்து நடக்கலாம், நடக்காமலும் போகலாம். கையில் ஆதாரம் என்று பார்த்தால் சில சிவப்புப் புள்ளிகளும் ஒரு கடைவாய்ப் பல்லும்தான்.

பின்னாளில் இதைப் பற்றிப் பேசும்போதெல்லாம் நான் ஒரு காரணம் சொல்வதுண்டு. குழாய் இறங்காவிட்டால் அது என் கண்முன்னால் நடக்கும், அடுத்து என்ன செய்வது என்று என் கைக்குத் தெரியும். முதுகுக்குள் ரத்தம் தேங்கினால் மாலையில் அவள் கால் அசையாதபோதுதான் தெரியும், அப்போது யாராலும் ஒன்றும் செய்ய இயலாது. ஆகவே கண்ணுக்குத் தெரியும் ஆபத்தைத் தேர்ந்தெடுத்தேன் என்பேன். கேட்க நன்றாக இருக்கிறது. உங்களுக்கும் அதையே சிபாரிசு செய்கிறேன். ஆனால் அந்த நேரத்தில் எனக்கு இப்படியெல்லாம் வரிசையாகத் தோன்றவில்லை. அந்தத் தேர்வாளரின் மூடிய இரண்டு கண்கள்தான் தெரிந்தன.

மேடம் என்னை ஒரு பார்வை பார்த்தார். "சரி. மயக்கம் உங்க பாடு. ஆனா ரத்தம் நிக்கலேன்னா அதுக்கும் நீங்கதான் வழி சொல்லணும்."

முத்துலட்சுமியின் முகத்தில் பிராணவாயு முகமூடியை வைத்துப் பிடித்தபடி, செவிலியர் என் காதில் போனைப் பிடிக்க, ரத்த வங்கி மருத்துவரிடம் பேசினேன். பிளேட்லெட் பைகள் வேண்டும் என்றேன்.

"கவுண்ட் எவ்வளவு சார்?"

சொன்னேன். சிரித்துவிட்டார்.

"சார், இங்க டெங்குப் புள்ளை ஒண்ணுக்கு இருபதாயிரம். அதுக்காக எடுத்து வெச்சிருக்கேன். ரெண்டே முக்கால் லட்சக்காரிக்கு எதுக்கு சார்?"

"அந்தப் புள்ளைக்கு எங்கயாச்சும் ரத்தம் போகுதா?"

"இல்ல. நல்லா உக்காந்து பிஸ்கட் திங்குது."

"இங்க இன்னும் கொஞ்ச நேரத்துல வயித்தத் தொறக்கப் போறோம். இவ ரத்தம் அடைக்காதுன்னு நெனைக்கிறேன்."

"நிச்சயமாத் தெரியுமா சார்?"

"தெரியாது. பயமா இருக்கு. அதான் கேக்குறேன்."

அவர் என்ன நினைத்தாரோ, "ஆள் அனுப்புங்க. பதிலுக்கு மாத்து ரத்தம் குடுக்க ஆளுகளையும் சேத்து அனுப்புங்க" என்றார். அந்தக் குழந்தைக்கு ஒரு சொட்டும் தேவைப்படாமல், இரண்டு நாளில் எண்ணிக்கை தானாக ஏறி வீட்டுக்குப் போனது. இல்லாவிட்டால் இதைச் சொல்லும் தைரியம் எனக்கு வந்திருக்காது.

வெளியே காக்கிச் சட்டையில் கருப்பசாமி நின்றிருந்தார். அவர் ஆலைப் பேருந்தின் ஓட்டுநர். ஷிப்ட் முடிந்த பெண்களை ஊர் ஊராக இறக்கிவிடப் புறப்பட்டவர், செய்தி கேட்டு வண்டியோடு நேராக இங்கே வந்துவிட்டார். வண்டி நிறையப் பெண்கள், தலையில் பஞ்சுத் தூசியோடு. மாற்று ரத்தத்துக்கு ஆள் வேண்டும் என்றதும் சன்னல் வழியாக ஒரு குரல் வந்ததாம்: "வண்டிய எடுண்ணே, பேசிக்கிட்டு நிக்காத!"

உள்ளே மயக்கம் கொடுத்தேன். கையில் வைத்துக்கொண்டே குழாய் எங்கே என்று கேட்டேன். கேட்கவில்லை என்று சொல்ல ஆசைதான், ஆனால் குழாயை எடுத்துக் கொடுத்த செவிலியர் இன்றும் இந்த ஊரில்தான் இருக்கிறார். குழாய் இறங்கியது. மூச்சு திரையில் அலையாக எழுந்தது. இட்லிகள் இருந்த இடத்திலேயே இருந்தன. மேடத்தின் கை வேகத்தில் சில நிமிடங்களில் குழந்தை வெளியே வந்தது. பெண். கறுகறுவென்று தலை நிறைய முடி. ஒருமுறை சிணுங்கி, பிறகு அரங்கு அதிரக் கத்தினாள். எல்லாரும் சிரித்தோம்.

சிரிப்பு அடங்கும் முன் ரத்தம் தொடங்கிவிட்டது. எங்கும் பீறிடவில்லை. வெட்டிய இடமெல்லாம் வியர்ப்பது போலக் கசிந்தது. மேடம் ஒரு தையல் போட்டால், தையல் ஊசி நுழைந்த துளையிலிருந்து ஒரு சொட்டு வரும். துடைத்தால் மறுபடி வரும். கர்ப்பப்பை நன்றாகச் சுருங்கியிருந்தும் கசிவு நிற்கவில்லை. ரத்தம் நிற்க நம்மிடம் உள்ள மருந்துகளை எல்லாம் ஏற்றினேன். அதுவரை என்னோடு முகம் கொடுத்துப் பேசாத மேடம் நிமிர்ந்து பார்த்தார்.

"சார், இது உறையல."

"ஆமா மேடம்."

"கர்ப்பப்பைய எடுத்துரவா? இன்னும் விட்டா ஆளே தாங்கமாட்டா."

இந்தக் கேள்விக்கு எந்தத் தேர்வாளரும் என்னைத் தயார் செய்யவில்லை. எடுப்பதற்கு வெட்டினால் அந்த வெட்டும் கசியும் என்று மட்டும் தோன்றியது.

"செத்த நேரம் அமுக்கிப் புடிங்க மேடம். வண்டி வந்துரும்."

எந்த நம்பிக்கையில் சொன்னேன் என்று எனக்கே தெரியாது. மேடம் துணிப்பட்டைகளை வைத்து இரண்டு கையாலும் அழுத்திக்கொண்டு நின்றார். நான் பிரசவத்துக்கென்று எடுத்து வைத்திருந்த ரத்தமும் மருந்தும் ஏற்றிக்கொண்டு, இறங்கிக்கொண்டே போன ரத்த அழுத்த எண்களைப் பார்த்துக்கொண்டு நின்றேன். தெருவில் பேருந்தின் ஹாரன் கேட்டது. நான் கேட்டதிலேயே இனிமையான ஓசை அது.

பெண்களை ரத்த வங்கியில் விட்டுவிட்டு, பெட்டியோடு தனியாக வந்திருந்தார் கருப்பசாமி. அந்தப் பெண்களில் பாதிப் பேருக்கு ரத்தம் போதாது என்று திருப்பிவிட்டார்கள் என்பதைப் பிறகு கேள்விப்பட்டேன். மீதிப் பேர் கொடுத்தார்கள்.

பிளேட்லெட் பார்க்க ஒன்றுமே இல்லை, கலங்கிய எலுமிச்சைச் சாறு போல இருக்கும். யார் யாருடையதோ. பை பையாக ஏற்றினேன். மேடம் பட்டையைத் தூக்கிப் பார்த்தார், மறுபடி வைத்தார். தூக்கினார், வைத்தார். நான்காவது பை பாதி போகும்போது தூக்கியவர் வைக்கவில்லை.

"நிக்குது சார்" என்றார், குரலைத் தாழ்த்தி.

கர்ப்பப்பை தப்பியது. அவளும் தப்பினாள். நான் மருத்துவர் அறைக்குப் போய் நாற்காலியில் உட்கார்ந்தேன். அடுத்த மருத்துவமனையிலிருந்து போன் வந்தபோதும் எழுந்திருக்கவில்லை. நாற்காலி வசதியாக இருக்கிறது என்று சொல்லிச் சமாளித்தேன்.

பிளேட்லெட் வேலை செய்கிறதா என்று பார்க்கும் பரிசோதனைக்கு ரத்தத்தைப் பெட்டியில் வைத்து அனுப்ப முடியாது. எடுத்த கையோடு பார்க்க வேண்டும். அதனால் சில மாதங்கள் கழித்துக் கணவனும் மனைவியும் வெளியூரில் பெரிய மருத்துவமனை ஒன்றுக்கு நேரில் போய்வந்தார்கள். தட்டணுக்களுக்குள் இருக்கும் பைகள் காலி என்று முடிவு வந்தது. கூடவே, இதே குறை உள்ள சிலருக்கு வயது ஏற ஏற நுரையீரல் இறுகிப்போகும் என்று சொல்லி, பஞ்சுத் தூசியிலிருந்து அவளை விலகியிருக்கச் சொன்னார்கள். ஆலையில் பேசி, நூல் பெட்டி கட்டும் இடத்துக்கு மாற்றிக்கொண்டாள். அண்ணனையும் சோதிக்க அழைத்துப் போனார்கள். அவருக்கும் அதுவே. மேடம் போனில் நோயின் பெயரைப் படித்துக் காட்டினார். கேட்டுக்கொண்டேன். இரண்டாம் நாளே மறந்துவிட்டேன்.

இந்த வெற்றி என்னைச் சும்மா விடவில்லை. அதன் பிறகு யார் உடம்பில் நீலம் பாரித்த இடத்தைப் பார்த்தாலும் பிளேட்லெட் கோளாறுதான். தோல் வியாபாரி ஒருவர் குடலிறக்க அறுவைக்கு வந்தார். சட்டையைக் கழற்றச் சொன்னேன். முதுகு முழுக்க வட்ட வட்டமாகக் கருநீலத் தடங்கள். குடும்பத்தில் யாருக்காவது ரத்தம் நிற்காதா, சுன்னத் செய்தபோது ரத்தம் போனதா, பல் பிடுங்கினீர்களா என்று விசாரணை நடத்தினேன். பாவம், எல்லாவற்றுக்கும் பதில் சொன்னார். கடைசியில் தயங்கி, "டாக்டர், முதுகுல இருக்குறதப் பாத்தா கேக்குறீங்க? அது ஹிஜாமா. கப்பு வெச்சு உறிஞ்சி எடுக்குறது. போன வாரம்தான் எடுத்தேன். நீங்களும் எடுத்துப் பாருங்க, படபடப்புக்கு நல்லது" என்றார்.

அசடு வழிந்தபடி அவரை உட்காரச் சொன்னேன். அவர் சட்டையைப் போட்டுக்கொண்டு, அதன் பையிலிருந்து ஒரு மாத்திரை அட்டையை எடுத்தார். "இத இன்னைக்கும் போடலாமா டாக்டர்? நெஞ்சுல ஸ்டென்ட் வெச்சதுலேருந்து தினம் போடுறேன்."

பிளேட்லெட்டுகளை ஒட்டவிடாமல் செய்வதற்கென்றே கொடுக்கப்படும் மாத்திரை அது. மூன்று தலைமுறையைக் கேட்டேனே தவிர, என்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள் என்று கேட்கவில்லை. இதய மருத்துவரிடம் கலந்து பேசிவிட்டு, வேறு வழியில்லாமல், என் புகழ்பெற்ற வாக்கியத்தை அவரிடம் சொன்னேன். பாய் சிரித்துக்கொண்டே போனார். உங்களுக்கு நான் சொல்ல வருவது இவ்வளவுதான்: பயப்படுங்கள், அதில் வெட்கமில்லை. ஆனால் எதற்குப் பயப்படுகிறோம் என்று நோயாளிக்குப் புரியும் சொற்களில் கேளுங்கள். அபூர்வமானதைத் தேடும்போது சட்டைப் பையையும் பாருங்கள்.

முத்துலட்சுமியை அதன் பிறகு ஒரே ஒருமுறைதான் சந்தித்தேன். குழந்தைக்குத் தடுப்பூசி போட வந்திருந்தாள். என்னை அவளுக்கு அடையாளம் தெரிந்தது. என் தொழில் வாழ்க்கையில் அபூர்வமான நிகழ்ச்சி. நன்றி சொல்லத்தான் வருகிறாள் என்று முகத்தை அடக்கமாக வைத்துக்கொண்டேன்.

"நீங்கதான அந்த மயக்க டாக்டரு? உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்னே இருந்தேன். எங்கூட வேலை பாக்குற புள்ளைக எல்லாம் முதுகுல ஊசி போட்டுத்தான் பெத்தாளுக. முழிச்சுக்கிட்டே இருந்தாளுகளாம். பிள்ளை மொதமொத அழுததக் கேட்டாளுகளாம். நீங்க ஏன் என்னையத் தூங்க வெச்சீங்க?"

"உன் ரத்தத்துல குறை இருந்துச்சும்மா. குத்தியிருந்தா..."

"அதெல்லாம் மேடம் சொன்னாங்க. நீங்க பயந்த ஆளாம்ல." குழந்தையை இடுப்பில் ஏற்றிக்கொண்டாள். ஆடும் கண்களை என் முகத்தில் நிறுத்த முயன்றாள். "நல்லதுக்குத்தான் செஞ்சிருப்பீங்க. இருந்தாலும் எம்புள்ள மொத அழுகைய ஊரே கேட்டுச்சு, நான் கேக்கல."

வெளியே பேருந்து நின்றிருந்தது. வெயிலுக்குச் சேலைத் தலைப்பை இழுத்து முக்காடிட்டுக்கொண்டு அவள் வாசற்படிகளில் இறங்கினாள், சாலையைக் கடந்தாள், ஒரு கையில் பிள்ளையும் மறு கையில் கம்பியுமாக உயரமான அந்தப் பேருந்துப் படியில் காலைத் தூக்கி வைத்து ஏறினாள். வழியில் போனவர்கள் எல்லாரும் அவள் நிறத்தைத் திரும்பிப் பார்த்தார்கள். நான் அவள் காலைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.